போத்தலில் அடைத்த புள்ளி வண்டுகள்

போத்தலுக்குள் இருந்த அந்த வண்டின் முதுகில் ஒரு புள்ளிகூட இல்லை.

முற்பகல் வெயில் மாரியம்மன் கோயிலின் குட்டை மதில்மேல் விழுந்துகொண்டிருந்தது. மதில்மேல் அந்தப் போத்தல். ஒரு காலத்தில் மாங்காய் ஊறுகாய் வந்த அகன்ற வாய்ப் போத்தல் அது. சாம்பல் போட்டு எத்தனை முறை தேய்த்துக் கழுவியும் வெந்தய வாடை அதை விட்டுப் போகவில்லை. மூடியில் ஆணியால் நான் இட்ட துளைகளின் வழியே அவ்வாடை வந்துகொண்டிருந்தது.

முந்திய நாள் மாலைவரை அதனுள் திரிந்த வண்டுகள் யாவும் கறுப்புக் குறிகள் உடையவை. இன்றோ ஒன்று மட்டும், தோல் நீக்கிய பாசிப்பருப்பைப் போல வெறும் மஞ்சளாக, கத்தரி இலையின்மேல் உட்கார்ந்திருந்தது.

மருந்தடிக்கும் பெண்கள் முதுகுப் பம்புகளை இறக்கிவைத்துவிட்டுச் சுற்றி நின்றனர். அவர்களுள் மூத்தவளும் வாய்த்துடுக்கு மிக்கவளுமாகிய வெள்ளையம்மா குனிந்து பார்த்தாள். நெடுநேரம் பார்த்தாள். பிறகு இரு கைகளாலும் கன்னத்தில் போட்டுக்கொண்டாள்.

“முத்து இறங்கிடுச்சி. அம்மா பொறப்பட்டுட்டா லா” என்றாள்.

அவளுக்குப் பக்கத்தில் குப்பம்மா நின்றிருந்தாள். அம்மை கண்டிருந்த தன் மகளுக்கு அன்று காலையில்தான் மூன்றாம் தண்ணீர் ஊற்றிவிட்டு வந்தவள். விரல்களில் மஞ்சள் கறை இன்னும் இருந்தது. வெள்ளையம்மாவின் சொல் காதில் விழுந்ததும் அவள் முகம் மலர்ந்தது. மலர்ந்த அக்கணமே கறுத்தது. அந்த முகத்துக்கு என்ன பெயர் என்று எனக்கு இன்றுவரை தெரியவில்லை.

மகள் தேறிவிட்டாள். ஆனால் கத்தரிப் பாத்தி போயிற்று. அம்முகம் சொன்னது இதைத்தான்.

ஒரு வண்டின் முதுகு இவ்விரண்டையும் எவ்வாறு தீர்மானிக்கலாயிற்று என்பதை இவ்வாரம் விளக்க முயல்கிறேன். முழுவதும் விளங்கும் என்று உறுதி கூற இயலாது. எனக்கே விளங்கவில்லை.

மின்மினி கேட்கும் அன்பர்களுக்கு

இத்தொடர் தொடங்கிய நாள்முதல் அன்பர்கள் சிலர் ஒரே கேள்வியைக் கேட்டு வருகின்றனர். கோலசிலாங்கூர்க்காரராகிய நீங்கள் மின்மினியைப் பற்றி ஒரு வரிகூட எழுதவில்லையே, ஏன்? கலும்பாங்கில் இருக்கும் என் சம்பந்தியும் தொலைபேசியில் இதையே கேட்டார். ஏதோ நான் மின்மினியோடு மனத்தாங்கல் கொண்டவன் போல அவர் குரல் இருந்தது.

மனத்தாங்கல் ஒன்றுமில்லை. ஆற்றோர மரங்களில் அது கூட்டமாக மின்னுவதையும், அதைக் காண வெளியூர் மக்கள் படகேறி வருவதையும் நான் அறிவேன். ஆயினும் அது எங்களிடம் எதையும் கேட்டதில்லை. அது பாட்டுக்கு மின்னிற்று, நாங்கள் எங்கள் பாட்டுக்கு உறங்கினோம். என்னை ஒரு கேள்வியின் முன் நிறுத்தித் திகைக்கவைத்தது விளக்கில்லாத வேறொரு வண்டு. ஆகவே அதைப் பற்றியே எழுதுகிறேன்.

என்னைப் பற்றியும் இரண்டு வரி. தோட்டப் பள்ளியில் மூன்றாம் வகுப்புவரை படித்தேன். அதற்குமேல் கற்றதெல்லாம் மளிகைக் கடைப் பொட்டலங்களாக வந்த பழைய வார இதழ்களில்தான். கதையின் முடிவு புளியைச் சுற்றி வேறு வீட்டுக்குப் போயிருக்கும். முடிவு தெரியாமல் வாசித்துப் பழகிய எனக்கு, முடிவு தெரியாமல் வாழ்வதும் பெரிய துன்பமாகத் தோன்றியதில்லை.

அக்காலத்தில் நான் மருந்தடிக்கும் கூட்டத்துக்கு மண்டோர், அதாவது மேற்பார்வைக்காரன். பெண்கள் பம்பைச் சுமந்து எண்ணெய் தரும் செம்பனை வரிசைகளுக்கிடையே களைக்கு மருந்தடிப்பார்கள். மருந்தைக் கலப்பதும், காற்று எப்பக்கம் வீசுகிறது என்று பார்த்து அவர்களை நிறுத்துவதும் என் வேலை. மற்ற யாவற்றிலும் ஐயமுள்ள நான் காற்றில் மட்டும் தவறியதில்லை. வெள்ளையம்மா இதையும் விடமாட்டாள். “நம்ம மண்டோருக்குக் கண்ணுக்குத் தெரியாததுதான் நல்லாத் தெரியும்” என்பாள்.

பாரிட் ஓரத்துப் பாத்தி

எண்பதுகளின் நடுப்பகுதி என்று நினைக்கிறேன். ரப்பர் பால்மரங்கள் சாய்க்கப்பட்டு எங்கும் செம்பனை வந்துகொண்டிருந்த காலம்.

தொழிலாளர் வரிசை வீடுகளாகிய எங்கள் லயத்தின் பின்புறம் பாரிட் ஓடியது. கடலோர மண்ணில் நீர் தேங்காமல் வடிவதற்கு வெட்டிய கால்வாயை எங்கள் பக்கத்தில் அப்படித்தான் சொல்லுவோம். சாயத் தேநீரின் நிறத்தில் நீர் ஓடும். அதன் கரையில் லயத்தார் ஆளுக்கொரு துண்டு நிலத்தில் காய்கறி போட்டிருந்தனர். உரிமை என்று எவருக்கும் எதுவும் இல்லை. தோட்ட நிர்வாகம் கேட்கும்வரை அது அவரவருடையது. அவ்வளவுதான்.

குப்பம்மா களையெடுக்கும் வேலை செய்தவள். கணவன் சபாக் பக்கம் லோரி ஓட்டப் போனவன். தீபாவளிக்கு வருவான், சில தீபாவளிக்கு வரமாட்டான். வீட்டில் அவளும் பதினாறு பதினேழு வயது மகள் வசந்தியும்தான். லாலாங் புல் மண்டிக் கிடந்த இடத்தை அவள் ஒருத்தியாகக் கொத்தி, பாரிட்டின் சேற்றைக் கூடையில் அள்ளிப் போட்டு மேடாக்கினாள். ஒரு பக்கம் கத்தரி. மறுபக்கம் பந்தலில் பயத்தங்காய். வேலியை ஒட்டித் தானாக முளைத்த சுண்டை.

வேலை முடிந்து வந்தால் அடுப்படிக்குப் போகுமுன் பாத்திக்குப் போவாள். கணவன் வராத தீபாவளியன்றும் அங்கேதான் நின்றுகொண்டிருந்தாள்.

“அங்க போயி நின்னா என்னை ஏன்னு கேக்க ஆளில்ல அண்ணே” என்று ஒரு முறை என்னிடம் சொன்னாள்.

வேலிக்கு அப்பால் செம்பனை நாற்று நிலம். கறுப்புப் பைகளில் இளம் நாற்றுகள் வரிசை வரிசையாக நின்றன. அவ்வாண்டு அந்நாற்றுகளின் இலைகளில் ஓட்டை விழலாயிற்று.

புதிதாக வந்திருந்த உதவி நிர்வாகியைச் சின்ன துரை என்போம். ஈப்போப் பக்கத்துத் தமிழர், தடித்த மூக்குக்கண்ணாடிக்காரர், கெட்டவர் அல்லர். ஆனால் நிர்வாகியாகிய பெரிய துரைக்குப் பதில் சொல்லவேண்டியவர். ஒரு நாள் நாற்று நிலத்தைச் சுற்றி வந்தவர் வேலிக்கு அப்பால் எட்டிப் பார்த்தார். குப்பம்மாவின் கத்தரி இலைகள் சல்லடையாகக் கிடந்தன. சல்லடையின்மேல் சிவந்த வண்டுகள் ஊர்ந்துகொண்டிருந்தன.

“அங்கயும் ஓட்டை, இங்கயும் ஓட்டை. நடுவுல இந்த வண்டு. இது பெஸ்ட்தான் மண்டோர், பயிரத் திங்கிற பூச்சி” என்றார். “பாத்தி முழுக்க மருந்தடிச்சி, செடியெல்லாம் புடுங்கிடுங்க. அந்த எடத்தையும் நர்சரியோட சேத்துக்கலாம்.”

இந்தச் செய்தியை நான் கொண்டுபோனபோது குப்பம்மா வாளியில் நீர் மொண்டுகொண்டிருந்தாள். கேட்டுவிட்டு, மொண்ட நீரைச் செடிக்கு ஊற்றாமல் பாரிட்டிலேயே திரும்பக் கொட்டினாள்.

அம்மா இறங்கிய வீடு

அதே வாரத்தில் வசந்திக்கு அம்மை கண்டது. வாசலில் வேப்பிலை செருகப்பட்டது.

இளைய வாசகர்களுக்காக ஒன்று கூறவேண்டும். அம்மை கண்ட வீட்டை நாங்கள் நோயாளி இருக்கும் வீடாக எண்ணுவதில்லை, அம்மா வந்து தங்கியிருக்கும் வீடாகவே எண்ணுவோம். உடம்பில் எழும் கொப்புளத்தை முத்து என்போம். அவ்வீட்டில் தாளிக்கலாகாது, ஊசி எடுக்கலாகாது, எந்த உயிரையும் கொல்லலாகாது. மருந்து வாடை அண்டவே கூடாது. வேப்பிலையும் மஞ்சளும் இட்டு வெயிலில் காய்ந்த நீரை, நாள் பார்த்து மூன்று முறை தலைக்கு ஊற்றுவார்கள். மூன்றாம் தண்ணீரோடு அம்மா விடைபெறுவாள்.

குப்பம்மாவின் பாத்தி அவள் வீட்டுப் பின்கதவிலிருந்து கைக்கெட்டும் தூரம். காலையில் பெரட்டில், அதாவது ஆள் கணக்கெடுத்து வேலை பிரிக்கும் இடத்தில், நான் சின்ன துரையின் உத்தரவைச் சொன்னேன். பெண்கள் ஒருவரும் பம்பைத் தொடவில்லை.

வெள்ளையம்மாதான் பேசினாள். “அம்மா போட்ட வீடு. பாத்தியில பாத்தா உடம்பெல்லாம் முத்துப் போட்ட வண்டு. யாரு அனுப்புனதுன்னு நீங்களே யோசிச்சுப் பாருங்க மண்டோரே. நான் அடிக்கமாட்டேன். நீங்க வேணும்னா உங்க பொஞ்சாதிய வரச் சொல்லுங்க.”

என் மனைவியைக் கேட்டேன். அவள் என்னைப் பார்த்த பார்வைக்குப் பிறகு அப்பேச்சையே விட்டுவிட்டேன்.

வண்டு அம்மாவுடன் வந்ததா? சிரிக்கத்தான் முதலில் தோன்றிற்று. ஆனால் அன்று மாலை நான் வேலியோரம் நின்று, சிவந்த முதுகில் அவ்வளவு ஒழுங்காக எழும்பியிருந்த கறுப்பு முத்துகளைப் பார்த்தபோது சிரிப்பு வரவில்லை. நம்புகிறேனா என்றால் இல்லை. இல்லையென்று சொல்லிவிட்டு அதன்மேல் மருந்தடிப்பேனா என்றால் அதுவும் இல்லை.

சின்ன துரையிடம் தயங்கித் தயங்கிச் சொன்னேன். கோபப்படுவார் என்று எண்ணினேன். அவர் தம் நெற்றியின் ஓரத்தில் இருந்த சிறு அம்மை வடுவைத் தடவிக்கொண்டார். மூன்றாம் தண்ணீர்வரை பொறுப்போம், அதற்கப்பால் ஒரு நாளும் முடியாது என்றார். பிறகு அவரே ஒரு வழியும் சொன்னார். வண்டுகளைப் பிடித்து ஒரு போத்தலில் விட்டு, கத்தரி இலையோடு செம்பனை இலையும் போட்டுவைப்போம். செம்பனையை அது தொடவில்லை என்றால் பெரிய துரையிடம் தாம் பேசிப் பார்ப்பதாகச் சொன்னார்.

போத்தலை எங்கே வைப்பது? குப்பம்மா வீட்டில் வைக்க முடியாது. மருந்துக் கிடங்கில் வைத்தால் அதன் நெடியிலேயே வண்டுகள் மாண்டுவிடும். முடிவில் கோயில் மதிலில், ஓட்டுக் கூரையின் நிழல் விழும் இடத்தில் வைத்தோம். இவ்வாறாக ஒரு பூச்சி அம்மன் சன்னிதியில் விசாரணைக்கு நிறுத்தப்பட்டது.

இரு கட்சிகள்

பிடித்தவன் நான்தான். கத்தரியில் கண்டதையும் பிடித்தேன், பக்கத்துப் பயத்தங்கொடியில் கண்டதையும் பிடித்தேன். சிவப்பும் கறுப்புமாக, உருண்டை முதுகோடு, கவிழ்த்த கிண்ணம் போல இருந்தால் எல்லாம் ஒன்றுதானே என்பது என் எண்ணம். தொட்டவுடன் கால்களை மடக்கிக்கொண்டு மல்லாந்து செத்ததுபோல் கிடந்தன. விரலில் மஞ்சள் நீர் ஒட்டிற்று. அதன் கசப்பு வாடை சோற்றுக்கு உட்காரும்வரை போகவில்லை.

போத்தலில் போட்டு உற்றுப் பார்த்தபோதுதான் குழப்பம் ஆரம்பித்தது. அவை ஒன்றல்ல, இரண்டு.

ஒரு வகை செங்கல் பொடியின் நிறம். மினுமினுப்பே இல்லை. சாய்ந்த வெயிலில் பார்த்தால் முதுகில் மெல்லிய பூனை மயிர் தெரியும். புள்ளிகளோ ஏராளம். நான் எண்ணும்போதெல்லாம் வேறு வேறு தொகை வரும், ஏனெனில் அது நடந்துகொண்டே இருக்கும். இன்னொரு வகை சற்றுச் சிறியது. மெழுகு பூசித் துடைத்ததுபோல் பளபளப்பு. அதற்குப் புள்ளி என்பதைவிடக் கோணல் கோடு என்பதே பொருந்தும். மை தொட்ட தூரிகையை யாரோ நடுக்கத்தோடு இழுத்தாற்போல் இருந்தது.

முதல் வகை கத்தரி இலையின் நரம்பை விட்டுவிட்டு இடைப்பட்ட பச்சையை மட்டும் சுரண்டித் தின்றது. இலை ஜன்னல் வலைபோல் ஆயிற்று. இரண்டாம் வகை எதையும் தொடாமல் கண்ணாடியில் ஏறுவதும் வழுக்குவதுமாக இருந்தது.

வெள்ளையம்மா பார்த்தாள். அவ்வாண்டு எங்கள் கோயில் கமிட்டி இரண்டாகப் பிரிந்து கிடந்தது. “நம்ம கமிட்டி மாதிரியே இருக்கு. ஒரு கட்சி திங்குது, ஒரு கட்சி பாத்துக்கிட்டு நிக்குது” என்றாள். அன்றிலிருந்து லயம் முழுவதும் கட்சி என்றே பேசலாயிற்று.

பாரிட்டுக்கு அக்கரையில், கம்பம் என்னும் சிற்றூரில், பாக் சாலே என்ற மலாய் முதியவர் இருந்தார். கோயில் பக்கம் சைக்கிளில் போனவரை நிறுத்திக் காட்டினேன். போத்தலைத் தூக்கிச் சுழற்றிப் பார்த்தார். “கும்பாங் கூரா-கூரா” என்றார். ஆமை வண்டு என்பது அதன் பொருள். நல்ல வண்டு, மிளகாய்ச் செடியில் அப்பும் பேனைத் தின்றுவிடும், கொல்லாதே என்றார். எந்த வண்டைச் சொல்கிறீர்கள், மினுக்குவதையா மங்கியதையா என்று கேட்டேன். இரண்டுக்கும் அந்தப் பெயர்தான் என்று சொல்லிவிட்டுச் சைக்கிளை மிதித்தார்.

அதன்பின் இன்னும் குழம்பிற்று. மங்கிய வண்டு இலையின் அடியில் மஞ்சள் முட்டைகளை இட்டது. நெல்மணிகளை நிறுத்தி வைத்தாற்போல் அவை கொத்தாக நின்றன. மறுநாள் கொத்து பாதியாயிற்று. பார்த்துக்கொண்டு நின்ற கட்சி பசி தாளாமல் முட்டையைத் தின்றுகொண்டிருந்தது. இப்போது யார் திருடன், யார் காவல்காரன்? தின்பவனைத் தின்பவன் நமக்கு வேண்டியவனா? அல்லது முட்டை தீர்ந்தால் அவனும் இலைக்கு வருவானா?

இலையோடு உள்ளே வந்த முள் முளைத்த மஞ்சள் புழுக்கள் சிலவும் இருந்தன. அவை வேறொரு பூச்சி என்று நினைத்தோம். அவற்றுள் ஒன்று இலையில் வாலை ஒட்டிக்கொண்டு அசையாமல் நின்றுவிட்டது. செத்துவிட்டதென்று விட்டுவிட்டேன்.

முக்கியமானது செம்பனை இலை அல்லவா? அதுவும் விளங்கவில்லை. துண்டின் ஓரம் ஒரு பக்கம் பிசிறாக இருந்தது. வண்டு கடித்ததா, காய்ந்து கிழிந்ததா, நான் வெட்டும்போதே கத்தி மழுங்கிப் பிசிறியதா? நாள்தோறும் வந்து பார்த்த சின்ன துரை நாள்தோறும் உதட்டைப் பிதுக்கினார். இதைக் கொண்டு பெரிய துரையிடம் பேச முடியாது என்றார்.

ஆகவே குப்பம்மாவுக்கு எஞ்சியிருந்த ஒரே காவல், அவள் வீட்டில் தங்கியிருந்த அம்மாதான். அம்மா இருக்கும்வரை பாத்தி இருக்கும். மகள் தேறவேண்டும் என்று அவள் கும்பிட்ட ஒவ்வொரு கும்பிடும் பாத்தியைப் பிடுங்கச் சொல்லும் கும்பிடாகவும் ஆயிற்று.

மூன்றாம் தண்ணீர்

நிற்க. தொடங்கிய இடத்துக்கு வருகிறேன்.

புள்ளியில்லாத அவ்வண்டைக் கண்டு வெள்ளையம்மா கன்னத்தில் போட்டுக்கொண்ட பிறகு, பெண்கள் மனம் இளகிவிட்டது. அம்மாவே முத்துகளை எடுத்துக்கொண்டு கிளம்பிவிட்டாள், இனி வண்டு வெறும் வண்டு, அடித்தால் குற்றமில்லை என்று பேசிக்கொண்டனர். எனக்கு மறுப்பேதும் தோன்றவில்லை. போய் மருந்தைக் கலக்கினேன். கடல் பக்கமிருந்து காற்று வந்துகொண்டிருந்தது. காற்று சற்று அடங்கட்டும் என்று சொல்லிவைத்தேன். காற்று உண்மையிலேயே இருந்தது.

குப்பம்மா பாத்தியில் குனிந்து காய்களைப் பறித்துக்கொண்டிருந்தாள். முற்றியதைப் பறித்தாள், பிஞ்சையும் பறித்தாள், பூவோடு இருந்ததையும் பறித்தாள். மகளுக்கு ஊற்றிய வேப்பிலை மஞ்சள் நீரை, கால் படாத இடம் என்று, கத்தரிச் செடிகளின்மேல்தான் கொட்டியிருந்தாள். ஈர வேப்பிலைகள் அங்கங்கே கிளையில் தொங்கின.

“பயத்தங்காயை மட்டும் வுடச் சொல்லுங்க அண்ணே” என்றாள், நிமிராமல்.

மருந்தடித்தால் எல்லாவற்றின்மேலும்தான் விழும். அவளுக்கும் அது தெரியும்.

வெயில் சாய்ந்தபின் வெள்ளையம்மா மெல்ல நடந்து வந்தாள். வழக்கத்துக்கு மாறாக அவள் குரல் இறங்கியிருந்தது. “மண்டோரே, கொஞ்சம் வந்து பாருங்க” என்றாள்.

நாங்கள் எல்லோரும் போனோம். அம்மஞ்சள் வண்டு இருந்த இடத்திலேயே இருந்தது. ஆனால் மஞ்சள் கன்றிச் செங்காவியாகியிருந்தது. முதுகில், தண்ணீர் பட்ட காகிதத்தின் மறுபக்கத்து எழுத்து தெரிவதுபோல, மங்கலான சாம்பல் நிறப் பொட்டுகள் தெரிந்தன. சில நன்றாகக் கறுத்துவிட்டன. சில இன்னும் வந்துகொண்டிருந்தன.

முத்துகள் திரும்பிக்கொண்டிருந்தன.

குப்பம்மா மடியில் இருந்த காய்களை அப்படியே கொட்டிவிட்டு வீட்டை நோக்கி ஓடினாள். பாத்தி பிழைத்ததென்று அவள் ஒரு கணமும் நின்று எண்ணவில்லை. மகளின் முகத்தைப் பார்க்க ஓடினாள். கீழே உருண்ட கத்தரிக்காய்களை எடுக்க எவருக்கும் தோன்றவில்லை. பெண்கள் ஒவ்வொருவராகப் பம்பைக் கழற்றி வைத்தனர்.

திரும்பி வந்தபோது அவளுக்கு மூச்சு வாங்கிற்று. “நல்லாருக்கா அண்ணே. ஒடம்புல புதுசா ஒண்ணுமில்ல. கடுகு தாளிச்சி ரசம் வச்சித் தாம்மாங்கிறா.” பிறகு போத்தலைப் பார்த்தாள். “அம்மா அவகிட்ட இல்ல. அப்ப இந்த வண்டுல இருக்கிறது யாரு?”

அது யாரென்று என்னால் இப்போதும் சொல்ல முடியாது. அவ்விலையில் வெற்றுத் தோல் ஒன்று ஒட்டியிருந்ததைப் பிற்பாடு கவனித்தேன். செத்ததென்று விட்ட முட்புழுவிலிருந்துதான் அவ்வண்டு வெளிவந்திருக்கவேண்டும், புதிதாகப் பிறந்த வண்டுக்கு நிறமும் புள்ளியும் மெல்லத்தான் ஏறும் போலும் என்று இன்று ஊகிக்கிறேன். ஊகந்தான். அன்றைய தினத்தையே தேர்ந்தெடுத்து அது ஏன் வெளிவந்தது என்று கேட்டால் என் ஊகம் அங்கே நின்றுவிடுகிறது.

அப்போதுதான் சின்ன துரை மோட்டார் சைக்கிளில் வந்து இறங்கினார். ஏன் இன்னும் அடிக்கவில்லை என்று கேட்டார்.

“அம்மா பொறப்பட்டா துரை. பாதி வழியில திரும்பி வந்துட்டா. என்னத்தையோ மறந்துட்டாப்போல” என்றாள் வெள்ளையம்மா.

அவர் சிரிக்கவில்லை. குனிந்து போத்தலுக்குள் பார்த்தார். நானும் பார்த்தேன். புதிதாகப் புள்ளி பெற்ற அவ்வண்டு இப்போது நகர்ந்து, செம்பனை இலைத் துண்டின்மேல், பிசிறாக இருந்த அதே ஓரத்தில் போய் நின்றிருந்தது. தலையைத் தாழ்த்தியிருந்தது.

“தின்னுதா மண்டோர்?” என்றார்.

குப்பம்மா என் கையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். முகத்தைப் பார்க்கவில்லை. தின்கிறது என்று நான் சொன்னால் பாத்தி போயிற்று. தின்னவில்லை என்றால் பாத்தி நின்றது. இல்லை என்று சொல்லிவிடலாம் என்றுதான் வாயைத் திறந்தேன். ஆனால் அதற்குமுன் ஒரு முறை சரியாகப் பார்த்துவிடத் தோன்றிற்று. அவ்வண்டின் தலை தோள்மூடியின் அடியில் பாதி ஒளிந்திருக்கும். வாய் எங்கேயென்று தெரிவதில்லை. தலை லேசாக ஆடியது. கடிக்கிறதா, மோப்பம் பிடிக்கிறதா, பிறந்த களைப்பில் தூங்கி விழுகிறதா?

“தெரியலங்க துரை” என்றேன்.

சின்ன துரை மூக்குக்கண்ணாடியைக் கழற்றிச் சட்டை நுனியில் துடைத்தார். மாட்டிக்கொண்டு மீண்டும் குனிந்தார். அவர் மூச்சு பட்டுப் போத்தல் மங்கிற்று. விரலால் துடைத்துவிட்டுப் பார்த்தார். நிமிர்ந்தபோது அவர் முகம் பள்ளிக்கூடத்துப் பையனின் முகம் போல் இருந்தது.

“எனக்கும் தெரியல” என்றார். பிறகு, “சரி. நாளைக்குப் பாப்போம்” என்றார்.

நாளைக்கு

மறுநாள் பெரட்டில் அவர் பாரிட்டின் மதகு அடைத்துக்கொண்டதைப் பற்றிப் பேசினார். வண்டைப் பற்றிப் பேசவில்லை. நானும் நினைவூட்டவில்லை. அதற்கடுத்த நாளும் பேசவில்லை.

வாசகர்களைக் காக்கவைப்பது என் நோக்கமன்று. ஆகவே இங்கேயே சொல்லிவிடுகிறேன். பாத்தி நின்றது. மழைக்காலம் வந்து நாற்றுகள் தோட்டத்துக்குள் நடவுக்குப் போயின. வேலிக்கு அப்பால் வெறும் தரை எஞ்சியது. நாற்றைத் தின்றது இருட்டியபின் வரும் பழுப்பு நிற வண்டு ஒன்று என்று பிற்பாடு ஒரு லோரிக்காரர் சொன்னார். நான் அதைக் கண்டதில்லை. எங்கள் லயமே இடிபட்டு, நாங்கள் ரவாங் பக்கமும் புக்கிட் செந்தோசாவுக்கும் சிதறும்வரை குப்பம்மா அங்கே கத்தரி போட்டாள்.

சில நாட்களில் அச்செடிகள் புதிதாகத் துளிர்த்தன. வண்டு குறைந்தது. வேப்பிலைத் தண்ணீர்தான் காரணம் என்றாள் குப்பம்மா. அம்மா மறந்துபோனதை எடுத்துக்கொண்டு கிளம்பிவிட்டாள் என்றாள் வெள்ளையம்மா. முட்டை தின்னும் கட்சி வென்றிருக்கும் என்று நான் எண்ணினேன். மூன்றையும் நான் மாறி மாறி நம்பியிருக்கிறேன். இப்போது என் வீட்டு வாசலில், சாயத் தகரத்தில் வைத்த கத்தரிச் செடியில் எப்போதாவது ஒரு வண்டு வந்து உட்காரும். கண்ணாடியை மாட்டிக்கொண்டு பார்ப்பேன். மங்கல் போலவும் இருக்கும், மினுக்கு போலவும் இருக்கும். கையை ஓங்கி, அப்படியே இறக்கிவிடுவேன்.

எஞ்சியது ஒன்றுதான். அந்த மறுநாள், பெரட்டு முடிந்து களத்துக்குப் போய்த் திரும்பிய நண்பகலில், நான் போத்தலை எடுத்துக்கொண்டு பாத்திக்குப் போனேன். உள்ளே இலைகள் வாடிக் கருகியிருந்தன. அவ்வுயிர்களை இனியும் அடைத்துவைக்க ஒரு காரணமும் தோன்றவில்லை.

குப்பம்மா வரப்பில் நின்றிருந்தாள். வீட்டுக்குள்ளிருந்து கடுகு வெடிக்கும் வாசம் வந்துகொண்டிருந்தது.

“நாளைக்குன்னாங்களே, வந்திடுச்சா அண்ணே?” என்றாள்.

இன்னும் வரவில்லை என்றேன்.

கத்தரிக்கும் பயத்தங்கொடிக்கும் இடையே மண்ணில் போத்தலை வைத்து மூடியைத் திறந்தேன். மினுக்குக் கட்சி முதலில் வெளியே வந்தது. முதுகைப் பிளந்து சிறகை விரித்து, நேரே பயத்தங்கொடிக்குப் பறந்தது. மங்கல் கட்சி சற்று நேரம் வெயிலில் காய்ந்துவிட்டு, கத்தரிக்கு நடந்தே போனது. நாங்கள் அத்தனை பேரும் அத்தனை நாளாக மதிலைச் சுற்றி நின்று பிரிக்க முடியாததை அவை சற்று நேரத்தில் தாமே பிரித்துக்கொண்டன.

நேற்றுப் புள்ளி வந்த அந்த ஒன்று மட்டும் போத்தலின் விளிம்பில் ஏறி நின்றது. கத்தரிப் பக்கம் நாலு எட்டு வைத்தது, நின்றது, திரும்பியது. பயத்தங்காய்ப் பக்கம் போயிற்று. பாதியில் நின்று மீண்டும் விளிம்பையே சுற்றலாயிற்று.

குப்பம்மா குனிந்து பார்த்தாள்.

“இது உங்க கட்சி அண்ணே” என்றாள்.